கடவுள் தந்த பிள்ளை: ஓர் இலத்தீன் பெயரின் வரலாறு

பிறந்த குழந்தைக்குப் பெற்றோர் வழங்கும் முதற்கொடை பெயராகும். தொட்டிலும் கிலுகிலுப்பையும் சில ஆண்டுகளில் பரணுக்குச் சென்றுவிடும். பெயரோ வாழ்நாள் முழுதும் உடன்வருவது. வாழ்ந்து முடிந்த பின்னும் சிறிது காலம் நின்று பேசுவது. பிறந்த மண்ணை விட்டுப் பணியின் பொருட்டுத் தொலைவில் வாழும் நம்மவர் இல்லங்களில் இக்கொடையைப் பற்றிய ஆராய்ச்சி சற்று மிகுதியாகவே நடைபெறுகிறது. பாட்டனார் பெயரை இடுவதா, அன்றி அண்டை வீட்டார் நாவில் இடறாத பெயரை இடுவதா என்னும் வழக்கு, குழந்தை பிறப்பதற்கு முன்னரே தொடங்கிவிடுகிறது. அரசு அலுவலகத்தில் பெயர்ப் பட்டியல்களோடும் பணிப்பதிவேடுகளோடும் நாள் கழிக்கும் நமக்கு, 'குடும்பப் பெயர்' என்னும் கட்டத்தில் எதை நிரப்புவது என்று தமிழர் திகைப்பதும், 'ழ'கரம் வாய்ந்த பெயர்கள் வடபுலத்தில் உருமாறி வருவதும் பழகிப்போன காட்சிகள்.

இத்திகைப்பு நமக்கே உரியது என்று கருதுதல் வேண்டா. ஆளும் மொழி ஒன்றாகவும், முன்னோர் மொழி வேறாகவும் அமைந்த இடங்களிலெல்லாம் பெயரிடுவோர் இவ்வழக்கைத் தீர்த்தே வந்துள்ளனர். ஆயிரத்து அறுநூறு ஆண்டுகளுக்கு முன்னர் வட ஆப்பிரிக்க மண்ணில் பிறந்த ஒரு சிறுவனின் பெயர் இதற்குத் தக்க சான்றாக விளங்குகிறது. அப்பெயர் 'அதேயோதாத்துஸ்' என்பது. இன்று மேலை நாடுகளிலும் அரிதாகவே குழந்தைகளுக்கு இடப்படும் இப்பெயரின் பொருளையும் பிறப்பையும் ஈண்டு ஆராயப் புகுவோம்.

சொல்லும் பொருளும்

'அ' என்பது இலத்தீனில் 'ஆல்' என்னும் பொருள் தரும் இடைச்சொல். 'தேயோ' என்பது கடவுளைக் குறிக்கும் 'தேயுஸ்' என்னும் பெயர் வேற்றுமை ஏற்ற வடிவம். 'தாத்துஸ்' என்பது 'தரப்பட்டவன்' எனப் பொருள்படும். மூன்றும் சேர, 'கடவுளால் தரப்பட்டவன்' என்றாகிறது.

இதனைக் கேட்டதும் வடமொழியில் பயிற்சியுடையார்க்குத் 'தேவதத்தன்' என்னும் பெயர் நினைவுக்கு வரும். அந்நினைவு பொருத்தமுடையதே. இலத்தீனின் 'தேயுஸ்' என்பதும் வடமொழியின் 'தேவ' என்பதும் ஒரே பழைய வேரினின்று கிளைத்தவை. 'தாத்துஸ்' என்பதும் 'தத்த' என்பதும் கொடுத்தலைக் குறிக்கும் 'தா' என்னும் ஒரே வேரின் வழிவந்தவை என்பது மொழிநூலார் முடிபு. அர்ச்சுனனின் சங்கிற்கும், புத்தர்பிரானோடு மாறுபட்டு நின்ற அவர்தம் உறவினருக்கும் வழங்கிய அதே பெயர்தான் ஆப்பிரிக்கக் கரையில் இலத்தீன் உடையில் நின்றது எனலாம்.

ஆயினும் ஒரு வினா எழுகிறது. பழைய உரோமானியர் இவ்வாறு பெயரிடும் வழக்கினர் அல்லர். அவர்கள் ஆண்மகவுக்கு ஒன்பதாம் நாளிலும், பெண்மகவுக்கு எட்டாம் நாளிலும் பெயர் சூட்டினர். ஆயின் சூட்டுவதற்குரிய முற்பெயர்களோ மிகச் சிலவே. 'குயிந்துஸ்' என்றால் ஐந்தாமவன். 'செக்ஸ்துஸ்' என்றால் ஆறாமவன். இவ்வாறு எண்ணுப் பெயரும் இட்டு மனநிறைவு கொண்டனர். பெண்களுக்கோ பெரும்பாலும் குடிப்பெயரின் பெண்பால் வடிவமே பெயராயிற்று. அத்தகைய மரபில், ஒரு முழு வாக்கியத்தையே சுருக்கியதுபோல் 'கடவுளால் தரப்பட்டவன்' என்னும் பெயர் எவ்வாறு தோன்றிற்று?

மண்ணில் மறைந்த மொழி

விடை காண நாம் கார்த்தேஜ் நகருக்குச் செல்லுதல் வேண்டும். இன்றைய துனீசியக் கடற்கரையில் பினீசிய வணிகர் குடியேறி அமைத்த நகரம் அது. அவர்தம் மொழியைப் 'பூனிக்' என்பர். எபிரேய மொழிக்கு நெருங்கிய உறவு பூண்டது. அம்மொழியினர் தம் குழந்தைகளின் பெயரில் தெய்வத்தின் பெயரைச் சேர்த்து, அத்தெய்வம் செய்த உதவியையும் கூறுவர். உரோமானியக் குடியரசை நடுங்கவைத்த ஹன்னிபாலின் பெயருக்குப் 'பாலின் அருள்' என்பது பொருள். ஈண்டுப் 'பால்' என்பது அவர்கள் வணங்கிய தெய்வம். அவன் தம்பி ஹஸ்துருபாலின் பெயருக்குப் 'பாலின் துணை' என்பது பொருள். 'பால் தந்தான்' என்று பொருள்படும் 'இயதன்பால்' என்னும் பெயரும் அவர்களிடையே வழங்கிற்று.

கி.மு. 146இல் உரோமானியர் கார்த்தேஜை அழித்தனர். நகரம் அழிந்தது, மொழி உடனே அழியவில்லை. ஆட்சியும் நீதிமன்றமும் பள்ளியும் இலத்தீனுக்கு மாறின. வயலிலும் வீட்டிலும் பூனிக் பன்னூறாண்டு நிலைத்தது. நகர மாந்தர் இலத்தீனில் பெயரிடத் தலைப்பட்ட போதும், பெயரிடும் மனப்பாங்கை மாற்றிக்கொள்ளவில்லை. முன்னோர் பெயரின் ஒலியை விடுத்துப் பொருளை மட்டும் இலத்தீனுக்குக் கொண்டுவந்தனர். கிறித்தவம் பரவியபோது பழைய தெய்வத்தின் இடத்தில் ஒரே கடவுளைக் குறிக்கும் சொல் அமர்ந்தது. 'தேயோகிராத்தியாஸ்' என்றால் கடவுளுக்கு நன்றி. 'குவோத்வுல்த்தேயுஸ்' என்றால் கடவுள் விரும்புவது எது, அது. இவ்விரு பெயர் தாங்கியோரும் ஐந்தாம் நூற்றாண்டில் கார்த்தேஜின் ஆயர்களாக விளங்கியவர்கள். ஆகவே 'அதேயோதாத்துஸ்' என்பது 'இயதன்பால்' என்னும் பழம்பெயரின் இலத்தீன் வடிவமே என்று அறிஞர் கருதுவது பொருந்துவதேயாகும். உடல் இலத்தீன், உயிர் பூனிக்.

வேண்டாது வந்த செல்வம்

இப்பெயரைத் தாங்கியவருள் வரலாற்றில் நன்கு அறியப்பட்டவன் அகுஸ்தினாரின் மகன். கிறித்தவ உலகின் பேரறிஞருள் ஒருவராகப் போற்றப்படும் அகுஸ்தினார் கி.பி. 354ஆம் ஆண்டு நவம்பர் 13ஆம் நாள், தகாஸ்தே என்னும் சிற்றூரில் பிறந்தார். அது இன்று அல்ஜீரிய நாட்டில் சூக் அஹ்ராஸ் என வழங்குகிறது. தந்தையார் பத்திரிசியுஸ், தாயார் மோனிக்கா அம்மையார். தந்தையின் பெயர் உரோமானியப் பெயர். தாயின் பெயரோ அம்மண்ணின் பழங்குடி மக்கள் வழிவந்தது என்பர். ஒரே வீட்டில் இரு மரபுப் பெயர்கள்.

உயர்கல்விக்காகக் கார்த்தேஜ் சென்ற இளைஞர் அகுஸ்தினார், மணவினை இன்றியே ஒரு பெண்ணோடு இல்லறம் நடத்தலானார். கி.பி. 372ஆம் ஆண்டளவில் அவர்களுக்கு ஓர் ஆண்மகவு பிறந்தது. தந்தைக்கு அப்போது வயது பதினெட்டுக்கு மேற்படாது. பிள்ளைப்பேற்றை அவர் விரும்பினார் அல்லர். இத்தகைய உறவில் பிள்ளைகள் பெற்றோர் விருப்பத்திற்கு மாறாகவே பிறக்கின்றன. ஆயினும் பிறந்துவிட்டால் தம்மை நேசிக்கும்படி நம்மைக் கட்டாயப்படுத்திவிடுகின்றன என்று அவரே பிற்காலத்தில் தம் வாழ்க்கை அறிக்கையாகிய நூலில் ஒளிவின்றி எழுதினார்.

அக்குழந்தைக்கு இடப்பட்ட பெயர்தான் 'கடவுளால் தரப்பட்டவன்' என்பது. ஊரார் இகழ்தற்குரிய பிறப்பு. தந்தை வேண்டாத பிறப்பு. ஆயினும் பெயர், 'இவன் கொடை' என்கிறது. பெற்றோர் விரும்பினும் விரும்பாவிடினும் குழந்தை ஒரு கொடையே என்று ஒவ்வொரு முறை அழைக்கும்போதும் அப்பெயர் அவர்களுக்கு நினைவூட்டியிருக்கும். பெயர் குழந்தைக்கு மட்டுமன்று, அழைப்பவர்க்கும் ஓர் அறிவுரையாகும் என்பது இங்கு நோக்கத்தக்கது.

பெயர் இழந்த தாய்

383இல் அகுஸ்தினார் உரோமாபுரிக்கும், அடுத்த ஆண்டில் மிலான் நகருக்கும் சென்றார். மிலானில் அரசவையை ஒட்டிய சொற்கலைப் பேராசிரியர் பதவி அவருக்குக் கிடைத்தது. பதவி பெரிது, எனினும் அவர் அயலூரார். இலத்தீன் சொற்களை அவர் ஒலிக்கும் முறையை இத்தாலியர் குறைகூறினர் என்பதை அவரே குறித்துள்ளார். இலத்தீனைக் கற்பிக்க வந்தவர்க்கே இந்நிலை எனின், ஏனையோர் நிலை என்னாம்? தொலைவில் வாழும் நமக்கு இது விளக்க வேண்டாத செய்தி.

மேலும் உயரவேண்டுமாயின் செல்வக் குடியில் பெண் கொள்ளுதல் வேண்டும் என்று திட்டமிடப்பட்டது. மணப்பெண்ணும் உறுதி செய்யப்பட்டாள். சட்டம் குறித்த வயதை அடைய அவளுக்கு இன்னும் ஏறத்தாழ இரண்டாண்டு இருந்தது. ஆகவே பல்லாண்டு உடன்வாழ்ந்த பெண்ணை அகற்ற வேண்டியதாயிற்று. இனி வேறோர் ஆடவனை நாடேன் என்று சூளுரைத்து அப்பெண் ஆப்பிரிக்காவுக்குத் திரும்பினாள். மகனைத் தந்தையிடமே விட்டுச் சென்றாள். அப்பிரிவு தம் நெஞ்சைக் கிழித்துக் குருதி ஒழுகச் செய்தது என்று அகுஸ்தினார் எழுதுகிறார். பின்னர் அத்திருமணமும் நடைபெறவில்லை.

இத்துணை விரிவாக எழுதியவர், அப்பெண்ணின் பெயரை ஓரிடத்தும் கூறவில்லை. மகனின் பெயர் நமக்குக் கிடைத்துள்ளது. தாயின் பெயர் கிடைக்கவில்லை. நம் சங்கப் புலவருள்ளும் இயற்பெயர் மறைந்து, தாம் பாடிய தொடராலேயே 'செம்புலப்பெயனீரார்' என அழைக்கப்பெறுவோர் உளர். அவர்க்குத் தம் பாடல் பெயராயிற்று. இத்தாய்க்கோ தன் மகனே அடையாளம் ஆனான். 'கடவுள் தந்த பிள்ளை'யைக் கையில் வாங்கியவள் யார் என்ற வினாவுக்கு, 'அதேயோதாத்துஸின் தாய்' என்பதன்றி வேறு விடை இல்லை. பெயரிடும்போது நாம் பிள்ளையை மட்டுமே எண்ணுகிறோம். ஒருகால் பிள்ளையின் பெயரே பெற்றவரைத் தாங்கி நிற்கும் என்பதை இவ்வரலாறு உணர்த்துகிறது.

சிறுவனின் அறிவு

386ஆம் ஆண்டு அகுஸ்தினாரின் உள்ளம் திரும்பிற்று. பதவியைத் துறக்க முடிவு செய்து, தாயார், மகன், நண்பர், மாணவர் சிலருடன் மிலானுக்கு அண்மையிலிருந்த கசிசியாகும் என்னும் ஊரில் தங்கினார். அவ்வாண்டு அவர் பிறந்த நாளன்று தொடங்கி மூன்று நாள்கள், 'இன்ப வாழ்வு எது' என்பது பற்றி அவர்கள் உரையாடினர். கடவுளை உடையவன் யார் என்று வினவியபோது, தூய்மையற்ற ஆவி இல்லாதவனே கடவுளை உடையவன் என்று விடையிறுத்தான் அக்குழுவில் மிக இளையவனாகிய அதேயோதாத்துஸ். பேரனின் விடையைப் பாட்டியார் மோனிக்கா பெரிதும் பாராட்டினார்.

387ஆம் ஆண்டு உயிர்ப்புத் திருநாளின்போது, மிலான் ஆயர் அம்புரோசியாரின் கையால் தந்தையும் மகனும் ஒருங்கே திருமுழுக்குப் பெற்றனர். அவ்வாண்டே ஆப்பிரிக்காவுக்குத் திரும்பும் வழியில், ஓஸ்தியா துறைமுகத்தில் மோனிக்கா அம்மையார் உயிர்நீத்தார். அப்போது வாய்விட்டுக் கதறியவன் அதேயோதாத்துஸ் ஒருவனே. மற்றையோர் அவனை அமைதிப்படுத்தினர். அடக்கிய அழுகையோடு நின்ற தந்தையையும், அடக்கமுடியாத மகனையும் ஒரே இடத்தில் காட்டும் அப்பகுதி, படிப்பவர் நெஞ்சை இன்றும் உருக்குவதாகும். தாயைப் பிரிந்த சிறுவனுக்கு எஞ்சியிருந்த தாய்மை அப்பாட்டியிடம் அன்றோ இருந்தது!

388இல் தந்தையும் மகனும் தகாஸ்தே திரும்பினர். அங்கு அவ்விருவரும் உரையாடுவதாக அமைந்த 'ஆசிரியரைப் பற்றி' என்னும் நூல் தோன்றிற்று. அதில் மகன் கூறுவனவாக உள்ள கருத்துகளெல்லாம் பதினாறு வயதில் அவனுக்கே உரியனவாக இருந்தவை என்று தந்தையார் உறுதி கூறுகிறார்; அவன் அறிவைக் கண்டு தாம் அஞ்சியதாகவும் கூறுகிறார். நூல் தோன்றிய சிறிது காலத்திற்குள், ஏறத்தாழப் பதினேழாம் வயதில், அதேயோதாத்துஸ் இறந்தான். கொடையாக வந்தவன் கொடுத்தவனிடமே மீண்டான் என்று தந்தை எண்ணியிருத்தல் கூடும்.

சொல் எதைக் கற்பிக்கும்?

அந்நூலின் பொருள் நம் ஆராய்ச்சிக்கு இன்றியமையாதது. ஏனெனில் அது சொற்களைப் பற்றியது. பேசுவதன் நோக்கம் யாது என்னும் வினாவோடு உரையாடல் தொடங்குகிறது. சொற்கள் யாவும் குறிகள் என்பதும், ஒவ்வொரு குறியும் ஒரு பொருளைச் சுட்ட வேண்டும் என்பதும் ஆராயப்படுகின்றன. வர்ஜிலின் பாட்டடி ஒன்றை எடுத்துக்கொண்டு, அதிலுள்ள எட்டுச் சொற்களும் எவ்வெப் பொருளைச் சுட்டுகின்றன என்று தந்தை மகனை வினவுகிறார். 'ஒன்றுமில்லை' என்னும் சொல் எதைச் சுட்டும் என்பதில் இருவரும் இடர்ப்படுகின்றனர். பொருள் குறியாத சொல் இல்லை என்று கொண்ட தொல்காப்பியர் வழிவந்த நமக்கு இவ்வாராய்ச்சி அயலானதன்று.

இறுதியில் அவர்கள் அடையும் முடிவு வியப்புக்குரியது. பொருளை முன்னரே அறியாதவனுக்குச் சொல் தானாக எதையும் கற்பிப்பதில்லை. தானியேல் நூலில் வரும் ஓர் அருஞ்சொல்லை அகுஸ்தினார் எடுத்துக்காட்டாகத் தருகிறார். அது தலையில் அணியும் ஒருவகை ஆடை என்று பிறர் சொன்னால், 'தலை', 'ஆடை' என்பவற்றை முன்பே கண்டறிந்தவனுக்கே அது விளங்கும். சொல்லின் ஒலியை மட்டும் எத்துணை முறை கேட்டாலும் விளங்காது. குறியைக் கொண்டு பொருளை அறிவதைவிட, பொருளை அறிந்த பின்னரே குறியின் ஆற்றல் புலப்படுகிறது என்பது கருத்து.

அதே நூலில் மற்றொரு சிறு செய்தியும் உண்டு. பூனிக் சொல் ஒன்றின் பொருள் 'இரக்கம்' என்பதா, 'பக்தி' என்பதா என்று தந்தைக்கும் மகனுக்கும் இடையே பேச்சு எழுந்தது. அம்மொழியை நன்கு அறிந்தவரிடம் கேட்டதாக மகன் கூறுகிறான். தாம் பிறந்த மண்ணின் மொழிச் சொல்லுக்குப் பொருள் காண, இவ்விருவரும் பிறரை நாட வேண்டியிருந்தது! பள்ளி மொழியில் புலமை. பழைய மொழியில் கேள்வியறிவு. நம் பிள்ளைகளின் நிலையை இதனினும் தெளிவாகக் காட்டும் பழஞ்சான்று அரிது.

நற்காலடி உடையவன்

தம் மண்ணின் பெயர்களை அகுஸ்தினார் இழிவாக எண்ணினாரா? இல்லை. ஏறத்தாழ 390ஆம் ஆண்டில், அவர் இளமையில் பயின்ற மதௌரா ஊரைச் சேர்ந்த மாக்சிமுஸ் என்னும் இலக்கண ஆசிரியர் அவருக்கு ஒரு மடல் எழுதினார். மிக்கின், சனாமோ, நம்பாமோ முதலிய பூனிக் பெயர் கொண்ட கிறித்தவ மறைச்சான்றினரை அவர் எள்ளினார். காதுக்கு இனிமையற்ற இப்பெயர்களையா உரோமானியத் தெய்வங்களுக்கு மேலாக வைத்துப் போற்றுவது என்பது அவர்தம் ஏளனம்.

அகுஸ்தினார் விடுத்த மறுமொழி ஒவ்வொருவரும் அறியவேண்டுவது. ஆப்பிரிக்கராகிய நீர் ஆப்பிரிக்கர்க்கு எழுதும் மடலில், நாம் இருவரும் ஆப்பிரிக்காவில் இருந்துகொண்டே, பூனிக் பெயர்களை எள்ளும் அளவுக்கு உம்மையே மறந்துவிட்டீரோ என்று அவர் வினவினார். மேலும், நம்பாமோ என்னும் பெயர்க்குப் பொருளும் கூறினார்: நல்ல காலடி உடையவன், அதாவது, அவன் அடியெடுத்து வைத்தால் நன்மை உடன்வரும்.

கால்ராசி பார்க்கும் நம்மவர்க்கு இதன் பொருளை விரித்துரைக்க வேண்டுமோ? மருமகள் வலக்கால் எடுத்து வைத்து வரவேண்டும் என்பதும், குழந்தை பிறந்த வேளை தந்தைக்குப் பதவி உயர்வு வந்தது என்பதும் நம் இல்லங்களில் நாளும் கேட்கும் பேச்சுகள் அல்லவா? ஒலியால் கரடுமுரடாகத் தோன்றிய பெயர், பொருள் விளங்கிய அளவில் நமக்கு உறவாகிவிடுகிறது. மாக்சிமுஸ் ஒலியைக் கேட்டார். அகுஸ்தினார் பொருளைக் காட்டினார். இருவர்க்கும் உள்ள வேறுபாடு இதுவே.

பெயரின் பிற்காலப் பயணம்

அதேயோதாத்துஸ் இறந்த பின்னும் அவன் பெயர் இறக்கவில்லை. 672 முதல் 676 வரை உரோமாபுரியில் திருத்தந்தையாக விளங்கியவர் அப்பெயரினர். 615 முதல் 618 வரை அப்பதவியில் இருந்தவர் 'கடவுள் தந்தார்' என்று பொருள்படும் 'தேயுஸ்தேதித்' என்னும் பெயரினர். அவரையும் அதேயோதாத்துஸ் என வழங்குவதுண்டு. இங்கிலாந்தில் பிறந்தவருள் முதன்முதல் கான்டர்பரி பேராயரானவரும் தேயுஸ்தேதித் என்னும் பெயரையே பூண்டிருந்தார்.

பிரெஞ்சு நாட்டில் இக்கருத்து 'தியூதொன்னே' என்றாயிற்று. பதின்மூன்றாம் லூயி மன்னருக்கு 1615இல் திருமணம் நடந்தும், இருபத்து மூன்று ஆண்டுகள் அரியணைக்கு வாரிசு இல்லை. 1638ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள் பிறந்த ஆண்மகவுக்கு 'லூயி தியூதொன்னே' என்று பெயரிட்டனர். பிற்காலத்தில் வெர்சாய் மாளிகையில் வீற்றிருந்து நெடுங்காலம் ஆண்ட பதினான்காம் லூயி அவரே. வேண்டாது வந்த பிள்ளைக்கு இடப்பட்ட பெயரின் பொருளையே, நெடுநாள் வேண்டிப் பெற்ற பிள்ளையின் பெயரும் தாங்கிற்று.

பிரான்சின் கிழக்கே 'செந்தியே' என்றொரு நகர் உண்டு. தேயோதாத்துஸ் என்னும் ஏழாம் நூற்றாண்டுத் துறவியின் பெயர் மக்கள் வழக்கில் தேய்ந்து 'தியே' என்றாகி, அந்நகரின் பெயராயிற்று. 1507இல் அந்நகரில் வெளியிடப்பட்ட நிலநூல் ஒன்றில்தான் 'அமெரிக்கா' என்னும் பெயர் முதன்முதல் அச்சேறியது. ஒரு கண்டத்துக்கே பெயர் சூட்டிய ஊர், தன் பெயரில் 'கடவுள் தந்தவன்' என்பதைக் கரந்து வைத்திருக்கிறது.

இலத்தீன் வழியில் மட்டுமன்றி, உலகின் பல மொழிகளிலும் இக்கருத்து தனித்தனியே பெயராகியுள்ளது. கிரேக்கர் 'தியோதோர்' என்றனர். எபிரேயர் 'நத்தானியேல்' என்றனர். சிலாவிய மக்கள் 'போக்தான்' என்பர். பாரசீகர் 'குதாதாத்' என்பர். அரபியர் 'அதாவுல்லா' என்பர். நாம் வாழும் வடபுலத்தில் பஞ்சாபியர் 'அல்லா தித்தா' என்றும் 'குருதித்தா' என்றும் பெயரிடுவர். சீக்கியரின் ஆறாம் குருவாகிய ஹர்கோவிந்தரின் மூத்த மகன் பெயர் குருதித்தா என்பதே. 'தித்தா' என்பதும் 'தத்த' என்பதன் வழிவந்த சொல்லே ஆகும்.

தமிழில் நிகழ்ந்தது

ஒலியை விடுத்துப் பொருளைப் பெயர்க்கும் இம்முறை தமிழ் மண்ணிலும் சிறப்பாக நிகழ்ந்துள்ளது. இத்தாலியிலிருந்து 1710இல் இந்தியா வந்த கான்ஸ்டான்சோ பெஸ்கி, உறுதி என்னும் பொருளுடைய தம் பெயரைத் தமிழில் 'தைரியநாதர்' என்று அமைத்துக்கொண்டார். வீரமாமுனிவர் என நாம் போற்றும் அவர், தேம்பாவணியில் சூசையப்பரை 'வளன்' என்றும், திருமுழுக்கு யோவானைக் 'கருணையன்' என்றும் பெயரிட்டார். எபிரேய மூலத்தில் முன்னது பெருக்கத்தையும் பின்னது இறைவன் அருளையும் குறிப்பன.

தமிழ்க் கிறித்தவர் வழக்கில் 'சிறியவர்' என்று பொருள்படும் பவுல் என்னும் இலத்தீன் பெயர் 'சின்னப்பர்' ஆயிற்று. 'முடி' என்று பொருள்படும் ஸ்தேவான் என்னும் கிரேக்கப் பெயர் 'முடியப்பர்' ஆயிற்று. 'ஆசி பெற்றவர்' என்று பொருள்படும் பெனதிக்து 'ஆசீர்வாதம்' ஆயிற்று. யோவான் 'அருளப்பர்' ஆனார். நட்டாலத்தில் 1712இல் பிறந்த நீலகண்டன், 1745இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்று 'லாசர்' என்னும் பெயர் ஏற்றார். 'கடவுளின் துணை' என்னும் அதன் பொருளே 'தேவசகாயம்' எனத் தமிழ்நாட்டில் நிலைத்தது. அவர் 2022இல் புனிதராக அறிவிக்கப்பெற்றார்.

இங்கே ஒரு வியப்பைக் காண்க. யோவான் என்னும் எபிரேயப் பெயரும் ஹன்னிபால் என்னும் பூனிக் பெயரும் அருளைக் குறிக்கும் ஒரே வேரிற் பிறந்தவை. லாசர் என்பதும் ஹஸ்துருபால் என்பதும் துணையைக் குறிக்கும் ஒரே வேரிற் பிறந்தவை. தெய்வங்கள் வேறு, பெயரிட்ட நெஞ்சின் வேண்டுதல் ஒன்றே. எனவே, ஆல்ப்ஸ் மலையைக் கடந்த கார்த்தேஜ் வீரனையும் அவன் தம்பியையும் 'அருளப்பன்' என்றும் 'தேவசகாயம்' என்றும் தமிழில் அழைத்தால் பெரும்பிழை ஆகாது!

சமயம் எதுவாயினும், குழந்தைகளைத் தொடர்ந்து இழந்த நம் தாய்மார், பின்னர்ப் பிறந்து நிலைத்த பிள்ளைக்குப் 'பிச்சை' என்று பெயரிட்டனர். பிச்சையப்பன், பிச்சைமுத்து, பிச்சையம்மாள் என்னும் பெயர்களை நம் முன்னோர் பட்டியலில் காணாத குடும்பம் அரிது. இன்றைய இளைஞர் சிலர் அப்பெயரைக் கூறவும் நாணுகின்றனர். இறைவனிடம் இரந்து பெற்றவன் என்னும் பொருளை அவர்க்கு யாரும் கூறவில்லை போலும். அதேயோதாத்துஸுக்கும் பிச்சைமுத்துவுக்கும் இடையே உள்ள தொலைவு நாம் நினைப்பதைவிடக் குறைவு.

நாம் செய்யத்தக்கது

இவ்வரலாற்றினின்று நாம் கொள்ளத்தக்கது யாது? பெயர் எம்மொழியில் இருத்தல் வேண்டும் என்று கட்டளையிடுவது நம் நோக்கமன்று. தமிழ்ப் பெயர் இடுவது நன்று, இனிது. வாழும் ஊரின் பொருட்டுச் சிலர் வேறு பெயர் இடுவர். கார்த்தேஜ் மாந்தரும் அதனைச் செய்தனர். ஆயின் அவர்கள் ஒலியை மாற்றிய போதும் பொருளைக் கைவிடவில்லை. நம்மிடையே இன்று எதிர்மாறான நிலை ஒன்று தோன்றியுள்ளது. ஒலி இனிதாயிருத்தல் போதும், ஈரெழுத்தோ மூவெழுத்தோ ஆயின் போதும் என்று, பொருளே அறியாத பெயர்கள் சூட்டப்படுகின்றன. மற்றொருபுறம், பொருள் நிறைந்த நல்ல தமிழ்ப் பெயரைச் சூட்டிவிட்டு, அதன் பொருளைப் பிள்ளைக்கு ஒருநாளும் சொல்லாத பெற்றோரும் உளர். இவ்விரண்டிலும் பின்னதே இரங்கத்தக்கது. அங்கே செல்வம் இருந்தும் பூட்டிக் கிடக்கிறது.

பதினாறு வயதுச் சிறுவன் தந்தையோடு அமர்ந்து ஆராய்ந்து கண்ட உண்மை இங்குதான் நமக்கு உதவுகிறது. சொல் தானாகக் கற்பிப்பதில்லை. பொருளைக் காட்டினாலன்றிக் குறி வெறும் ஒலியே. 'முகிலன்' என்று பெயரிட்டால் மட்டும் போதாது. மழைக்காலத்தில் மாடிக்கு அழைத்துச்சென்று முகிலைக் காட்டுதல் வேண்டும். 'பொன்னி' என்று பெயரிட்டால், விடுமுறையில் ஊருக்குச் செல்லும்போது காவிரிக் கரையில் ஒரு நாழிகை நிறுத்திவைத்தல் வேண்டும். பாட்டனார் பெயரை இட்டால், அவர் யார், எவ்வூரில் எத்தொழில் செய்தார், எத்துன்பத்தைத் தாங்கி நம்மை இவ்விடம் சேர்த்தார் என்பதைச் சொல்லுதல் வேண்டும். பாட்டியார் பெயரையும் சேர்த்தே சொல்லுதல் வேண்டும். பெயர் அறியப்படாத தாயொருத்தியின் வரலாற்றைக் கேட்ட பின்னர் இதனை வற்புறுத்த வேண்டுவதில்லை.

பள்ளிப் பதிவேட்டில் பெயர் திரிந்துபோகலாம். அண்டை வீட்டார் நாவில் ஓரெழுத்து நழுவலாம். பொருளை அறிந்த பிள்ளைக்கு அதனால் குறைவொன்றும் இல்லை. தன்னை எள்ளுவார்க்கு, அகுஸ்தினார் மாக்சிமுஸுக்கு விடையிறுத்தது போல், 'என் பெயரின் பொருள் இது' என்று அது நிமிர்ந்து சொல்லும். அவ்வாறு சொல்லத்தக்க விடையைப் பிள்ளைக்குத் தருவது பெற்றோர் கடன்; பெயர்சூட்டு விழாவோடு அக்கடன் முடிவதில்லை.